நீங்கள் நடித்த நான்

மாமா,

நேற்று மத்தியானம், பாரிஸில் ரூ பெர்தொனே தெருவில் இருக்கும் எங்கள் சாப்பாட்டுக் கடையின் குசினியில் நான் பருப்புக் கிண்டிக்கொண்டு நின்றேன். பக்கத்தில் வெங்காயம் வெட்டிக்கொண்டிருந்த மன்னார்ப் பிள்ளை சுகந்தி தன் போனைத் தூக்கி என் மூக்குக்கு முன்னால் நீட்டினாள்.

“அக்கா, இஞ்சை பாருங்கோ! அரபுக்காரி ஒருத்தி எங்கட ஆக்கள் மாதிரி ஓம் ஓம் எண்டுறா!”

பழைய அரபுத் தொடர் ஒன்றிலிருந்து யாரோ வெட்டிப் போட்ட துண்டு. ஒரு நிமிடம்கூட இல்லை. பூப்போட்ட நீளச் சட்டை, தோளில் துவாய், காலில் நீலப் பட்டி வைத்த றப்பர் செருப்பு. ஒரு வீட்டு வேலைக்காரி ரெலிபோனைக் காதில் வைத்துக்கொண்டு தலையை ஆட்டி ஆட்டி ஓம் என்கிறாள். பிறகு இன்னொரு ஓம். பிறகு நன்றாக இழுத்து ஒன்று. குசினியில் எல்லாரும் விழுந்து விழுந்து சிரித்தார்கள். ஒருநாளும் பல்லைக் காட்டாத, பாத்திரம் கழுவுகிற அண்ணைகூடச் சிரித்தார். திருப்பிப் போடச் சொல்லி மறுபடியும் சிரித்தார்கள்.

“நல்லா நடிக்கிறா” என்று மட்டும் சொல்லிவிட்டு, பருப்பு அடிப்பிடிக்கிறது என்று நான் திரும்பிக்கொண்டேன். பருப்பு ஒன்றும் அடிப்பிடிக்கவில்லை. அந்த வேலைக்காரி நான். நடித்தது நீங்கள்.

நீங்கள் கண்ணை மூடி ஏழு வருடமாகிறது. அந்த நேரம் உங்கள் நாட்டுத் தொலைக்காட்சியில் பெரிய பெரிய மனிதர்கள் வந்திருந்து, குவைத்தில் மேடை ஏறிய முதல் பெண்களில் ஒருவர் என்று உங்களைப் பற்றிப் பேசினார்கள். உங்கள் தமையனின் மகள் அதையெல்லாம் எனக்கு அனுப்பியிருந்தாள். நானும் ஒரு மடல் எழுதவேண்டும் என்று அப்போதே நினைத்தேன். உங்களுக்குத் தமிழ் வாசிக்கத் தெரியாது, எனக்கு அரபு எழுதத் தெரியாது, சரிக்குச் சரி. நீங்கள் பேசியதெல்லாம் இப்போது எனக்கு யாழ்ப்பாணத் தமிழில்தான் ஞாபகம் வருகிறது. அப்படியே எழுதுகிறேன், கோபிக்கக் கூடாது.

உங்களை மாமா என்று கூப்பிட எனக்கு எவ்வளவு நாள் பிடித்தது தெரியுமா? கொழும்பில் ஏஜென்சிக்காரன், “வீட்டுக்காரியை மாமா எண்டு கூப்பிடவேணும், அவையின்ர பாசையிலை அது அம்மா” என்று சொல்லித்தான் அனுப்பினான். சொன்னால்? எனக்கு மாமா என்றால் மீசை வைத்து, வேட்டி கட்டி, வெற்றிலை போடுகிற ஆள். விமான நிலையத்திலிருந்து வந்து இறங்கிய அன்று உங்களைப் பார்த்து அந்தச் சொல்லைச் சொல்லும்போதே எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. இவள் ஏன் சிரிக்கிறாள் என்று நீங்கள் புருவத்தைத் தூக்கினீர்கள்.

உங்கள் பக்கத்துக் குழப்பம் அதைவிட மோசம். நீங்கள் எதைச் சொன்னாலும் நான் ஓம் என்பேன், எங்கள் ஊரில் அது ஆமாம். உங்கள் பாசையில் ‘உம்’ என்றால் தாய். அங்கே ஒரு பெண்ணை மூத்த பிள்ளையின் பெயரோடு சேர்த்து, இன்னாருடைய உம் என்றுதான் கூப்பிடுவார்கள். உங்களுக்குப் பிள்ளை இல்லை. நானோ நாள் முழுக்க ஓம் ஓம் என்று பாதியில் நிறுத்திக்கொண்டிருந்தேன். மூன்றாம் நாள் பொறுமை போய், “ஆற்றை அம்மா? முழுக்கச் சொல்லித் துலையன்!” என்று கத்தினீர்கள். விசயம் விளங்கியபின் கதிரையில் இருந்து சிரித்த சிரிப்பு இன்னும் என் காதில் இருக்கிறது. “பிள்ளையின்ர பேர் இல்லாமல் என்னை அம்மா எண்டு கூப்பிடுறவள் நீ ஒருத்திதான்” என்றீர்கள் பிறகு.

உங்கள் கதையெல்லாம் நான் கேட்டது குசினியில்தான். ஒத்திகையால் வந்து, கறுத்த அபாயா அங்கியைக் கழற்றிக் கதவில் கொழுவிவிட்டு, என்னோடு உள்ளி உரிக்க இருப்பீர்கள். உங்கள் தகப்பன் பாய்க்கப்பல் ஓட்டி இந்தியாவரை போய்வந்தவர். நீங்கள் சின்னப் பெண்ணாக இருந்த காலத்தில் உங்கள் ஊர் நாடகங்களில் பெண் வேசமும் ஆண்கள்தான் கட்டினார்கள். “மீசையை வழிச்ச ஒருத்தன் தாயா வந்து பிள்ளையைத் தூக்கி வைச்சு அழுதான். பிள்ளையின்ர கழுத்துக்குக் கை குடுக்கத் தெரியேல்லை. அண்டைக்கு நினைச்சனான், இதை நான் செய்யவேணும் எண்டு.” முதலில் வேறு பெயரில் வானொலி நாடகம். தகப்பன் அது தன் மகள் என்று தெரியாமலே வானொலிக்குப் பக்கத்தில் இருந்து கேட்டு, நல்ல குரல் என்று மெச்சினாராம். மேடை ஏறிய அன்று தமையன் வாசலில் வந்து நின்றதையும், கூட நடித்தவர்கள் உங்களைப் பின்கதவால் காரில் ஏற்றி அனுப்பியதையும் சொல்லும்போது நீங்கள் சிரித்துக்கொண்டுதான் சொன்னீர்கள். பத்து வருடம் அவர் உங்களோடு கதைக்கவில்லை. தொலைக்காட்சி வந்து, வீடு வீடாக உங்கள் முகம் போனபிறகு ஒருநாள் ஆள் அனுப்பினார். எதற்கு? “நேற்றைய காட்சியிலை முக்காடு விலகிப்போச்சு, கவனிக்கச் சொல்லு” என்று சொல்வதற்கு. பாவி மனிதர், ஒரு காட்சி விடாமல் பார்த்துக்கொண்டுதான் இருந்திருக்கிறார்.

நீங்கள் ஒருவரைப் பார்த்தால் அது எங்களைப்போல் பார்ப்பதில்லை. செத்த வீட்டுக்குப் போனாலும், சந்தைக்குப் போனாலும் உங்கள் கண் வேலை செய்துகொண்டே இருக்கும். “அழுகிறவளின்ர முகத்தை எல்லாரும் பாப்பினம். நான் காலைப் பாப்பன்” என்பீர்கள். வேசம் எதுவானாலும் அந்த ஆளின் செருப்பைத் தேடிப் போட்டுக்கொண்டு வீட்டுக்குள் நடப்பீர்கள். நடை வந்தபிறகுதான் வசனம். உங்களோடு வெளியே போனால் எனக்கு வெட்கமாக இருக்கும், ஆட்களை அப்படி உற்றுப் பார்ப்பீர்கள்.

நான் வந்து ஐந்தாம் வருடம் என் அம்மா செத்துப்போனா. கொழும்பிலிருந்து என் அண்ணை ரெலிபோன் எடுத்தார். மண்டபம் நிறைய உங்கள் நாடகக்காரர்கள் சாப்பாட்டுக்கு வந்திருந்தார்கள். நான் அவர்களுக்கு நடுவே நின்று, ஓம், ஓம் என்று சொல்லிவிட்டு ரெலிபோனை வைத்தேன். குசினிக்குப் போய்ச் சோற்றை வடித்தேன். நீங்கள் கதவடியில் நின்று பார்த்தீர்கள். யார், என்ன என்று ஒன்றும் கேட்கவில்லை. ஆட்கள் போனபின் வந்து எனக்குப் பக்கத்தில் நிலத்தில் இருந்தீர்கள். அந்த வீட்டில் எனக்கென்றும் ஒரு ஆள் இருக்கிறா என்று அன்றைக்கு நினைத்தேன்.

கொஞ்ச நாளில் என் றப்பர் செருப்பு காணாமல் போனது. நீங்கள் புதிதாக ஒரு சோடி வாங்கித் தந்தீர்கள். அடுத்த நோன்பு மாதம் உங்கள் புதுத் தொடர் வந்தது. இலங்கை வேலைக்காரியாக நீங்கள் என் செருப்போடு, என் நடையோடு வந்தீர்கள். சிரிப்புப் பாத்திரம். முதலில் நானும் சிரித்தேன், பொய் சொல்லக் கூடாது. பக்கத்து வீட்டில் வேலை செய்த கேரளத்துக்காரி மதிலால் எட்டிப் பார்த்து, கை தட்டி, அது நீதான் என்றாள். பத்தாம் நாளோ என்னவோ ரெலிபோன் காட்சி வந்தது. மண்டபம், விருந்தாளிகள், ஓம். என் அம்மாவின் சாவுக்கு நான் சொன்ன ஓம்கள், ஒன்று குறையாமல். மண்டபத்தில் இருந்து பார்த்த உங்கள் சொந்தக்காரப் பிள்ளைகள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள்.

எனக்குக் கொதித்தது, மாமா. வெந்நீர் ஊற்றியதுபோலக் கொதித்தது. பெருநாள் முடிந்த மறுநாள், ஊருக்குப் போகிறேன், பாஸ்போட்டைத் தாருங்கள் என்றேன். ஏன் என்று கேட்காமல் லாச்சியைத் திறந்து எடுத்துத் தந்தீர்கள். “திரும்பி வருவியோ?” என்றீர்கள். ஓம் என்றேன். உங்களுக்கு நான் சொன்ன ஒரே பொய் அது.

பிறகு பாரிஸ், கலியாணம், சார்செல்லில் எட்டாம் மாடி, லா சப்பலில் வேலை. முள்ளிவாய்க்கால் முடிந்த மறு வருடம், இனி எந்த ரெலிபோனும் எடுக்கக் கூடாது என்று நான் இருந்த காலத்தில், ஒரு நம்பர் விடாமல் அடித்தது. எடுத்தால் நீங்கள். இருதய வைத்தியத்துக்கு இங்கே வந்திருப்பதாகச் சொன்னீர்கள். என் நம்பரை, குவைத்தில் இன்னும் வேலை செய்கிற என் மச்சாளிடம் வாங்கினீர்களாம். போகக் கூடாது என்று இரண்டு நாள் வீம்பு பிடித்தேன். மூன்றாம் நாள் புட்டு அவித்துக்கொண்டு போனேன்.

அதன்பிறகு ஒவ்வொரு திங்கட்கிழமையும், என் லீவு நாளில், வந்தேன். ஆஸ்பத்திரியில் டொக்டரைப் பார்க்கிற ரொந்தெவு இருந்தால் கூடவே வந்து டொக்டர் சொல்வதை அரபியில் சொன்னேன். பழைய கதை ஒன்றையும் இருவரும் எடுக்கவில்லை. ஒருநாள், “நீ வேலை செய்யிற தெருவைக் காட்டு” என்று நின்றீர்கள். சக்கர நாற்காலியில் வைத்துத் தள்ளிக்கொண்டு வந்தேன். கடை வாசலில் இருந்து தேத்தண்ணி குடித்தபடி, கார் து நோர் ரயில் நிலையத்தில் இறங்கிப் பையும் கையுமாக வருகிற எங்கள் பெண்களின் கால்களை ஆசை தீரப் பார்த்தீர்கள். நகைக்கடை அண்ணை வெளியே வந்து கேட்டார்.

“ஆர் தங்கச்சி இது? மாமியாரோ?”

“இல்லை அண்ணை, மாமா.”

அவர் உங்களையும் என்னையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு உள்ளே போய்விட்டார். நான் சொன்னதை அரபியில் கேட்டு நீங்கள் சிரித்தீர்கள். அந்தச் சிரிப்போடுதான் என் வாயால் வந்தது.

“மாமா, அந்த ரெலிபோன் காட்சி. அது என்ர அம்மான்ர சாவு. நீங்கள் அதைப் பகிடியாக்கிப் போட்டியள்.”

நீங்கள் தேத்தண்ணியைக் கீழே வைத்தீர்கள்.

“சாவு எண்டு எனக்குத் தெரியும். உன்ர கால் விரலைப் பாத்தனான், நிலத்தைப் பிடிச்சுக்கொண்டு நிண்டது. அதைத்தான் நடிச்சனான். அழுவினம் எண்டு நினைச்சன். படம் எடுத்தவங்களே சிரிச்சாங்கள். திருப்பி எடுத்தம், திருப்பியும் சிரிச்சாங்கள். இத்தனை வருசத்திலை நான் தோத்த இடம் அது ஒண்டுதான்.”

“என்னட்டைக் கேட்டிருக்கலாமே?”

“கேட்டிருந்தால் நீ ஓம் எண்டுதான் சொல்லியிருப்பாய். நீ எல்லாத்துக்கும் ஓம் எண்டுறவள். அதுதான் கேக்கேல்லை. களவுதான்.” கொஞ்ச நேரம் மூச்சு வாங்கினீர்கள். “இப்ப கேக்கிறன். அதை எனக்குத் தருவியோ?”

“இல்லை” என்றேன்.

ஐந்து வருடத்துக்கு மேல் உங்கள் வீட்டில் இருந்தும் நான் சொல்லாத சொல். சொல்லிவிட்டு நானே பயந்துபோனேன். நோயாளி மனிசிக்கு இப்படிச் சொல்லிவிட்டேனே. நீங்கள் கோபிக்கவில்லை. “சரி, அது உன்ர” என்று தலையை ஆட்டினீர்கள். பிறகு கேட்டீர்கள், “அந்தப் பக்கத்திலை என்ன சொன்னவை? எனக்கு உன்ர பக்கம் மட்டும்தான் தெரியும். மற்றப் பக்கம் தெரியாமல் வெறும் ரெலிபோனோடை நிண்டனான்.”

அதுவரை நான் அதை யாருக்கும் சொன்னதில்லை, கட்டினவருக்குக்கூட. அம்மா போய்விட்டா என்றார் அண்ணை. ஓம் என்றேன். போன கிழமையே எல்லாம் முடிந்துவிட்டது, சண்டையில் பாதை பூட்டியதால் தானும் ஊருக்குப் போகவில்லை என்றார். ஓம் என்றேன். கடைசியாக அவர் சொன்னதைத்தான் நான் இழுத்து ஓம் போட்டேன். “வேலை செய்யிற வீட்டிலை நிண்டு அழாதையாம். அம்மா சொல்லச் சொன்னவ.”

அதை உங்களுக்கு அரபியில் சொல்லி முடிக்கவில்லை, எனக்கு அழுகை வந்துவிட்டது. பதினைந்து வருடத்து அழுகை. நடுத்தெருவில், பட்டப்பகலில், முந்தானை இல்லாத குளிர்ச்சட்டையில் முகத்தைப் பொத்திக்கொண்டு, அம்மா, அம்மா என்று குழறி அழுதேன். ஆட்கள் நின்று பார்த்தார்கள். கடைகளுக்குள் இருந்தவர்களும் வெளியே வந்து பார்த்தார்கள்.

ஓய்ந்து நிமிர்ந்தபோது உங்களைத்தான் தேடினேன். நான் தள்ளாமல் ஓர் அடியும் நகராத நாற்காலியை, ஊசி ஏற்றிக் கறுத்துப்போன அந்த மெல்லிய கைகளால் நீங்களே உருட்டித் திருப்பியிருந்தீர்கள். உங்களுக்கு முன்னால் பக்கத்துக் கடையின் சுவர். வெள்ளையடித்த வெறும் சுவர், பார்ப்பதற்கு அதில் ஒன்றும் இல்லை. நான் அழுது முடிக்கும்வரை நீங்கள் அதையே பார்த்துக்கொண்டு இருந்திருக்கிறீர்கள்.

உங்கள் முகம் அந்த நாட்டில் எல்லாரிடமும் இருக்கிறது, மாமா. உங்கள் முதுகு என்னிடம் இருக்கிறது.