பலூனுக்கு முன் பிஸ்கட் கிடையாது

"ஏங்க, இன்னும் கோபமா?"

வேலைக்குக் கிளம்பும் அவசரத்தில் அவள் புருஷனுக்கு எழுதிய சீட்டு இப்படித்தான் தொடங்கியது.

"கோபத்தோடயே படிங்க. சாதம் அடுப்பு மேல. நாளைக்குக் காலைல ஆபரேஷன், டாக்டர் சொன்ன நேரத்துக்கு மேல எதையும் வாயில வைக்காதீங்க. போன தடவ நீங்க தின்ன ஒரு பிஸ்கட்டுக்காக ஆபரேஷனையே தள்ளி வச்சாங்க. உங்க மூச்சு விசிலடிக்கறது ஆஸ்துமா இல்ல. ஆக்சிடென்ட் ஆனப்போ மூச்சுக்காகத் தொண்டைக்குள்ள வச்ச குழாயால, குரல்நாணுக்குக் கீழ தழும்பாகி, மூச்சு வழி சுருங்கிடுச்சு. உள்ள பலூன் விட்டு அதை விரிப்பாங்க. பலூன்னதும் நான் சிரிச்சது தப்புதான்.

நீங்க ஒளிச்ச பிஸ்கட் டப்பா என் பையில.

இன்னொண்ணு, எனக்கும் பயமாத்தான் இருக்கு."

மறுநாள் காலை அவர் வெறும் வயிற்றோடு ஆஸ்பத்திரிக்குப் போனார். மூச்சு வழியை விரித்தார்கள். கண் விழித்தபோது மூச்சில் விசில் சத்தமில்லை.