அட்டை சொன்னது சரிதான்

மார்ச் 4

அன்புள்ள வெல்டர் ஐயாவுக்கு,

நான் நலம். நீங்களும் நலமாகத்தான் இருப்பீர்கள். இவ்வளவு கோபம் வருகிற உடம்பில் வேறு எந்த நோய் நுழையும்? நேற்று போன் செய்தேன், என் குரலைக் கேட்டதும் வைத்துவிட்டீர்கள். மறுபடியும் செய்தேன், மறுபடியும் வைத்துவிட்டீர்கள். அதனால்தான் இந்தக் கடிதம். இதை நீங்கள் பாதியில் மடித்துப் பெட்டிக்குள் போட்டாலும் உள்ளே கிடந்து பேசிக்கொண்டே இருக்கும், என்னை மாதிரி.

உங்கள் தங்கை உங்களிடம் என்ன சொல்லியிருப்பாள் என்று ஓரளவுக்கு எனக்குத் தெரியும். இங்கே ஆஸ்பத்திரிச் சலவைக்கூடத்தில் அவளுக்குத் துணி எண்ணுகிற வேலை. துணியை மட்டும்தான் குறைத்து எண்ணுவாள், மற்றதையெல்லாம் கூட்டித்தான் சொல்வாள். அதனால் நடந்ததை நடந்தபடி நானே எழுதிவிடுகிறேன்.

போன வாரம் சலவை ஆட்களுக்கு ரத்தப் பரிசோதனை முகாம் போட்டார்கள். நோயாளிகளின் துணியில் கை வைக்கிறவர்கள் என்று எங்கள் மேல் திடீர் அக்கறை. உலர்த்தும் இயந்திரத்துக்குப் பக்கத்தில் ஒரு மேசை, அதன் மேல் விரல் நீளத்தில் பிளாஸ்டிக் அட்டைகள். விரலில் குத்தி ஒரு சொட்டு ரத்தம், அதன் தலையில் ஒரு சொட்டு மருந்துத் தண்ணீர். கொஞ்ச நேரத்தில் அட்டையில் கோடு வரும். முதல் கோடு எல்லோருக்கும் வருமாம், அட்டை வேலை செய்கிறது என்று காட்டுவதற்கு. மற்ற இரண்டு இடத்தில் கோடு வந்தால்தான் வம்பு, ஒன்று எய்ட்ஸ் கிருமிக்கு, இன்னொன்று படுக்கையில் ஒட்டுகிற மேகநோய்க்கு.

எனக்கு ஒரு இடத்தில் வந்தது. புருவத்துக்கு மை இழுத்த மாதிரி மெல்லிசாக. முகாமுக்கு வந்த பெண், பஸ் நம்பர் சொல்கிற குரலில், "மேகநோய்க்குக் கோடு வந்திருக்கும்மா" என்றாள். நாங்கள் நிறுத்தினால் நிற்காத அந்த இயந்திரம் அந்த நேரம் பார்த்துத் தானாக நின்றது. கூடம் முழுக்கக் கேட்டது.

மறுநாளிலிருந்து என்னோடு படுக்கை விரிப்பு மடிக்க ஆள் இல்லை. விரிப்பை ஒற்றை ஆளாக மடிக்க முடியாது, அந்த முனையை ஒருத்தி பிடிக்க வேண்டும். என் ஜோடி, சுருட்டை என்று நாங்கள் கூப்பிடுகிறவள், நான் விரிப்பை எடுத்ததும் தண்ணீர் குடிக்கப் போனாள். அவ்வளவு தாகம் அவளுக்கு என்றைக்கும் வந்ததில்லை. சூப்பர்வைசர் என்னைத் தலையணை உறை மடிக்கிற மூலைக்கு மாற்றிவிட்டார். உறைக்குத் துணை வேண்டாம் பாருங்கள்.

நான் உங்களிடம் சத்தியம் எதுவும் செய்யப்போவதில்லை. இத்தனை வருஷம் கூட வாழ்ந்தவளிடம் சத்தியம் கேட்டால், கேட்கிறவருக்குத்தான் அசிங்கம். சனிக்கிழமை பெரிய பரிசோதனைக்குப் போகிறேன். பார்த்துவிட்டு எழுதுகிறேன்.

உங்கள் வாயாடி

*

மார்ச் 15

உன் கடிதம் கிடைத்தது.

இது சிரிக்கிற விஷயம் இல்லை. இரண்டு வருஷமாக வீட்டுப் பக்கம் வராமல் இங்கே வெயிலிலும் நெருப்பிலும் வேகிறேன். யாருக்காக என்று உனக்குத் தெரியும். இங்கே சைட்டில் ஒரு இன்ஜினியரிடம் யாருக்கோ கேட்பதுபோலக் கேட்டேன். அந்த அட்டை நூற்றுக்குத் தொண்ணூற்றொன்பது சரியாகச் சொல்லும், பொய் சொல்லாது என்றார். அதற்கு மேல் நான் என்ன சொல்ல?

நீ உன் அண்ணன் வீட்டுக்குப் போய்விடு. வீட்டுச் சாவியைத் தங்கையிடம் கொடு. ஹாஸ்டலில் இருக்கிற மகளிடம் எதுவும் சொல்லாதே. ஜூன் மாதம் லீவில் வருவேன். மற்றதை அப்போது பேசுவோம்.

இப்படிக்கு,
(கையெழுத்து)

*

மார்ச் 27

அன்புள்ள நீதிபதி ஐயாவுக்கு,

தீர்ப்பு கிடைத்தது. கையெழுத்துப் போட்ட இடத்தில் பேனா காகிதத்தையே கிழித்திருந்தது, வெல்டிங் செய்கிற கைக்கு அது நல்லதில்லை.

சாவி என் இடுப்பில் இருக்கிறது, அங்கேயேதான் இருக்கும். உங்கள் தங்கை வந்தாள். "அண்ணன் சாவியை வாங்கச் சொல்லுச்சு அண்ணி" என்றாள். டீ போட்டுக் கொடுத்தேன். குடித்துவிட்டுப் போனாள். அண்ணன் வீட்டுக்கு நான் போகவில்லை. இந்த வீட்டுச் சுவருக்குச் சுண்ணாம்பு அடித்தவள் நான், ஒழுகுகிற குழாய்க்குத் துணி சுற்றியவள் நான். பெட்டியைத் தூக்கிக்கொண்டு வெளியே நிற்க எனக்குக் காரணம் எதுவும் தோன்றவில்லை.

இனி பரிசோதனைக் கதை. அங்கே இருந்த நர்ஸ் என் வயதுக்காரர், மூக்குக் கண்ணாடியை நெற்றியில் வைத்துக்கொண்டு கண்ணாடியைத் தேடுகிறவர். முதலில் வேறு கம்பெனி அட்டையில் இன்னொரு தடவை பார்த்தார். அதிலும் கோடு. அப்புறம் கையிலிருந்து குழாயில் ரத்தம் எடுத்தார், அதற்கு முடிவு தெரிய நாள் ஆகும் என்றார். முடிவு வந்ததும் என்னை உட்காரவைத்துக் கதவைச் சாத்தினார்.

"உங்க உடம்புல இப்ப நோய் இல்லம்மா."

அப்படியென்றால் அட்டை பொய்யா என்று கேட்டேன். உங்கள் இன்ஜினியரின் தொண்ணூற்றொன்பதையும் சொன்னேன். அவர் சிரிக்கவில்லை.

"அட்டைக்கு ஒரே ஒரு விஷயம்தான்மா தெரியும். இந்த நோய் என்னைக்காவது உடம்புக்குள்ள வந்துச்சா, இல்லையா. எப்ப வந்துச்சு, இப்ப இருக்கா, போயிருச்சான்னு அதுகிட்ட கேக்கக் கூடாது. ஊசி போட்டுக் குணமானவங்களுக்கும் ஆயுசுக்கும் கோடு வரலாம். சும்மாவே தப்பா கோடு காட்டுறதும் உண்டு, அதுக்குத்தான் ரெண்டாவது அட்டை. உங்களுக்கு ரெண்டுலயும் வந்திருக்கு. அப்ப என்னைக்கோ வந்திருக்கு, யாரோ ஊசி போட்டிருக்காங்க."

எனக்கு யாரும் போடவில்லை என்றேன். இந்த ஊசியை மறக்க முடியாதே, இடுப்புக்குக் கீழே இரண்டு பக்கமும் போடுவார்கள், உட்கார முடியாது என்றார் அவர்.

அப்போது எனக்கு ஒரு பஸ் ஞாபகம் வந்தது.

நீங்கள் பாலம் வேலை முடிந்து வந்தீர்களே, மகள் மூன்றாவது படிக்கும்போது. வந்த மறுநாளே என்னை ஒரு டாக்டரிடம் கூட்டிப்போனீர்கள். நம் தெருமுனையிலேயே டாக்டர் இருக்க, இரண்டு பஸ் மாறிப் போனோம். "சைட்ல ஒரு காய்ச்சல் சுத்துது, வீட்டாளுங்களும் ஊசி போட்டுக்கணும்" என்றீர்கள். ஆளுக்கு இரண்டு ஊசி. திரும்பும்போது பஸ்ஸெல்லாம் காலி சீட், நாம் இரண்டு பேரும் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றோம். கண்டக்டர், சீட் ஏதாவது கடிக்கிறதா என்று கேட்டார். நான் வீடு வரைக்கும் சிரித்தேன். நீங்கள் சிரிக்கவில்லை. வலி அதிகம் போல என்று நினைத்துக்கொண்டேன்.

காய்ச்சலுக்காகப் போட்ட ஊசி என்று நர்ஸிடம் சொன்னேன். அவர் கையுறையை மெதுவாகக் கழற்றினார். என்ன காய்ச்சல் என்று கேட்டார். எனக்குப் பெயர் தெரியவில்லை.

உங்களுக்குத் தெரிந்திருக்கும். எழுதுங்கள்.

உங்கள் மனைவி

*

ஏப்ரல் 9

அன்புள்ள என் கண்மணிக்கு,

நான் நலம். உன் நலமே என் நலம்.

நீ எழுதியதைப் படித்ததிலிருந்து மனசு சரியில்லை. அவசரப்பட்டு ஏதோ எழுதிவிட்டேன், மனசில் வைத்துக்கொள்ளாதே. இங்கே நன்றாக விசாரித்துவிட்டேன். அந்த அட்டைகள் எல்லாமே சுத்த மோசமாம். வெயிலில் வைத்தால் கெட்டுப்போகுமாம், பழசானால் தப்பாகக் காட்டுமாம். உங்கள் முகாமில் உலர்த்தும் இயந்திரத்துக்குப் பக்கத்தில் வைத்திருந்ததாக நீயே எழுதியிருக்கிறாய். சூட்டில் கெட்டிருக்கும். அட்டை பொய், அண்ணி மேல் எந்தத் தப்பும் இல்லை என்று தங்கையிடம் போனில் சொல்லிவிட்டேன். அவள் எல்லோரிடமும் சொல்லிவிடுவாள். நீயும் அப்படியே சொல்.

பழைய காய்ச்சலின் பெயரெல்லாம் யாருக்கு ஞாபகம் இருக்கிறது? விட்டுவிடு. சாவி உன்னிடமே இருக்கட்டும். ஜூனில் வரும்போது உனக்கு ஒரு கைக்கடிகாரம் வாங்கி வருகிறேன், தங்க நிறத்தில். இனிமேல் இதைப் பற்றி எழுத வேண்டாம். கடிதம் யார் கையிலாவது கிடைத்தால் நன்றாக இருக்காது.

என்றும் உன்,
(கையெழுத்து)

*

ஏப்ரல் 22

அன்புள்ளவருக்கு,

கண்மணி என்று பார்த்ததும் கடிதம் வீடு மாறி வந்துவிட்டதோ என்று கவரைத் திருப்பிப் பார்த்தேன். என் விலாசம்தான்.

உங்கள் தங்கையின் வாய்க்கு இந்தத் தடவை நல்ல வேலை. ஒரே பகலில் சலவைக்கூடம் முழுக்க, சமையலறை, வாசல் காவலாளி வரைக்கும், அட்டையெல்லாம் பொய் என்று பரப்பிவிட்டாள். சூப்பர்வைசர் டீ வாங்கிக் கொடுத்தார். தலையணை உறையிலிருந்து எனக்கு விடுதலை. சுருட்டை தானாக வந்து விரிப்பின் அந்த முனையைப் பிடித்தாள். நானும் வாயை மூடிக்கொண்டு மடித்தேன். நாலு நாள் சந்தோஷமாகவும் இருந்தேன், இல்லை என்று சொல்ல மாட்டேன். உங்கள் பொய் மெத்தென்று இருந்தது, அதில் படுத்தால் தூக்கம் வந்தது.

அப்புறம் எங்களில் ஒருத்தி என்னிடம் தனியாக வந்தாள். யார் என்று எழுத மாட்டேன், உங்களிடம் சொன்னால் உங்கள் தங்கையிடம் சொன்ன மாதிரி. அவளுக்கும் முகாமில் கோடு வந்திருக்கிறது. அவள் நல்லநேரம், அப்போது இயந்திரம் ஓடிக்கொண்டிருந்தது, யாருக்கும் கேட்கவில்லை. உடனே போய் ஊசி போட்டுக்கொள் என்று சீட்டு எழுதிக் கொடுத்திருக்கிறார்கள். சீட்டைக் கிழித்துப் போட்டுவிட்டாளாம். "அட்டையே பொய்யாமேக்கா. உங்க புண்ணியத்துல எனக்கு உசுரு வந்துச்சு" என்று சொல்லி வயிற்றைத் தடவினாள். அவளுக்கு ஐந்தாவது மாதம்.

இந்த நோய் தாய்க்கு இருந்து ஊசி போடாமல் விட்டால் வயிற்றிலேயே குழந்தையைக் கெடுக்கும், குழந்தை செத்தும் பிறக்கலாம் என்று நர்ஸ் சொல்லியிருந்தார். நான் அவள் காதோடு சொன்னேன், போய்ப் பார் என்று. அவள் நம்பவில்லை. "உங்களுக்கே பொய்யின்னு ஆயிருச்சு, எனக்கு மட்டும் எப்படி உண்மையா இருக்கும்?" என்று கேட்டாள். அதற்கு ஒரே பதில்தான் என்னிடம் இருந்தது, என் கோடும் பொய் இல்லை என்பது. அவள் ஒருத்தியிடம் சொன்னால் போதாது. கோடு வந்ததை மறைத்துக்கொண்டு இன்னும் எத்தனை பேர் சிரித்துக்கொண்டு இருக்கிறார்களோ.

டீ நேரத்தில் எல்லோரும் இருக்கும்போது எழுந்து நின்று சொன்னேன்.

"என் அட்டை பொய் இல்ல. எனக்கு அந்த நோய் வந்துச்சு. ஊசி போட்டாங்க, போயிருச்சு. கோடு மட்டும் போகல. உங்கள்ல யாருக்குக் கோடு வந்திருந்தாலும் ஒளிச்சு வைக்காதீங்க, தூக்கிப் போடாதீங்க. நர்ஸம்மாகிட்ட போங்க. நான் கூட வரேன்."

அண்ணி விளையாடுகிறாள் என்று உங்கள் தங்கை சிரித்துப் பார்த்தாள். யாரும் கூடச் சிரிக்கவில்லை. உடனே முகத்தை மாற்றிக்கொண்டு, "அப்ப அது எங்கேருந்து வந்துச்சாம்?" என்று கேட்டாள். நல்ல கேள்வி. எனக்கு இந்த உலகத்தில் ஒரே ஒரு ஆம்பளையைத்தான் தெரியும்.

"பாலம் வேலைக்குப் போயிட்டு வந்துச்சு. உங்க அண்ணனைக் கேளு" என்றேன்.

கேட்டாளா? கேட்டிருக்க மாட்டாள். டம்ளரை வைத்துவிட்டு, எண்ணி முடித்த துணியையே மறுபடி எண்ணப் போனாள்.

அந்தப் பெண் மறுநாளே என்னோடு வந்தாள். இரண்டாவது பரிசோதனையில் அவளுக்கு நோய் இப்போதும் இருக்கிறது என்று வந்தது. ஊசி போட்டாகிவிட்டது, குழந்தை தப்பிக்கும் என்கிறார் நர்ஸ். அவள் புருஷனையும் வரச் சொன்னார்கள். தலையைக் குனிந்துகொண்டுதான் வந்தான். ஆனால் வந்தான்.

மகளிடம் நானே சொல்லிவிட்டேன். முழுவதையும் கேட்டுக்கொண்டாள். அப்புறம், அப்பா என்ன சொன்னார் என்று கேட்டாள். கைக்கடிகாரம் வாங்கி வருகிறாராம் என்றேன்.

எனக்குக் கோபம் இருக்கிறது, ஆனால் நீங்கள் நினைக்கிற இடத்தில் இல்லை. நோயைக் கொண்டு வந்ததற்கு அன்றைக்கே தெரிந்திருந்தால் அடித்து, அழுது, தீர்த்திருப்பேன். பொய் சொல்லியாவது என்னை ஊசிக்குக் கூட்டிப்போனீர்கள், அதையும் செய்யாத ஆட்கள் இருக்கிறார்கள். ஆனால் அந்தக் கோடு யாருடையது என்று தெரிந்திருந்தும் அதையே காட்டி என்னை வீட்டை விட்டுப் போகச் சொன்னீர்களே, அது. அட்டை என்னைக் குற்றவாளி ஆக்கியபோது அது தொண்ணூற்றொன்பது சரி. உங்கள் பக்கம் திரும்பியதும் சுத்த மோசம். இயந்திரச் சூட்டில் கெட்டது அட்டை இல்லை, ஐயா.

கைக்கடிகாரம் வேண்டாம். அதை வாங்கப் போகிற நேரத்தில் ஒரு வேலை செய்யுங்கள். சைட் ஆஸ்பத்திரியில் விரலைக் காட்டுங்கள். உங்களுக்கும் கோடு வரும், ஓடிவிடாதீர்கள். இரண்டாவது பரிசோதனை வேண்டும் என்று கேளுங்கள். இத்தனை வருஷத்தில் எத்தனை சைட் மாறினீர்கள் என்று நான் எண்ணவில்லை, உடம்பு எண்ணியிருக்கும்.

ஜூனில் வாருங்கள். நேராக வீட்டுக்கு வர வேண்டாம். முதலில் தங்கை வீட்டுக்குப் போய், "கொண்டு வந்தது நான்" என்று உங்கள் வாயால் சொல்லுங்கள். மற்றவர்களுக்கு நீங்கள் சொல்ல வேண்டியதில்லை, அவளே பார்த்துக்கொள்வாள். சொல்லிவிட்டு வந்தால் கதவு திறந்திருக்கும், சாப்பாடும் இருக்கும், திட்டும் இருக்கும். சொல்லாமல் வந்தால் வாசலில் உங்கள் பெட்டி வைக்க மட்டும் இடம் பெருக்கி வைத்திருப்பேன்.

இனிமேல் இதைப் பற்றி எழுத வேண்டாம் என்று எழுதியிருந்தீர்கள். எழுதிவிட்டேன்.

இப்படிக்கு,
இந்த வீட்டிலேயே இருக்கிறவள்