இருபத்தேழாம் தேதி முத்திரை

போடிநாயக்கனூர்,
3-8-1985

அன்பு மகள் பொன்னுமணிக்கு அப்பா அழகுமலை எழுதிக்கொண்டது. இங்கே நானும் உன் அம்மாவும் சுகம். அங்கே நீயும் உன் வகுப்புப் பிள்ளைகளும் சுகமாக இருக்க வேண்டும்.

மலையில் நல்ல மழை. ஏலக்காய் பிடிப்பு போன வருஷத்துக்கு மோசமில்லை. அடுத்த வாரம் முதல் பறிப்பு. போடி மெட்டுக்குப் போகிற ஜீப்பில் தொங்கக்கூட இடம் கிடைப்பதில்லை. இதைச் சொல்வதற்காக நான் பேனாவைத் தொடவில்லை.

வியாழக்கிழமை பக்கத்துக் கடைப் போனில் மெட்ராஸிலிருந்து வக்கீல் திருப்பதி கூப்பிட்டார். விண்ணப்பம் தாமதம் என்று தள்ளியதற்கு நாம் போட்ட உன் டீச்சர் வேலைக் கேசு 14-ஆம் தேதி கடைசி விசாரணைக்கு வருகிறதாம். மனுஷனுக்கு ஏக சந்தோஷம். "அண்ணே, விண்ணப்பம் வந்த கவரையே கோர்ட்டுக்குக் கொண்டாரச் சொல்லி உத்தரவு வாங்கிட்டேன். தபால் முத்திரையைப் பாத்தா தாமதம் யார் மேலன்னு ஜட்ஜுக்குத் தெரிஞ்சிரும்" என்றார். ரொம்ப நல்லது என்று சொல்லிப் போனை வைத்துவிட்டேன்.

அந்த முத்திரையில் என்ன தேதி இருக்கிறது என்று எனக்குத் தெரியும். உனக்குத் தெரியாது.

ரெண்டு வருஷத்துக்கு முன்னால், ஜூன் 20-ஆம் தேதி காலையில், நான் மலைக்கு ஜீப்பில் ஏறும்போது விண்ணப்பக் கவரை அனுப்பியாச்சா என்று கேட்டாய். போட்டாச்சு ஆத்தா என்றேன். கவர் என் தோள்பையில் இருந்தது. வெளியூர்க்காரன் போனில் சரக்குக் கேட்டால், மூட்டை கிட்டங்கியில் கிடந்தாலும் லோடு ஏறிருச்சு என்றுதான் சொல்லுவோம். சொல்லிவிட்டு வெரசா ஏற்றிவிடுவோம். முப்பது வருஷமாக இந்த வாய்க்கு அதே பழக்கம். போகிற வழியில் தபாலாபீசில் நிறுத்திப் போட்டுவிடலாம் என்று நினைத்தேன். வண்டி நிறைய ஆள். டிரைவர் நிறுத்தவில்லை, நானும் நிறுத்தச் சொல்லவில்லை.

மேலே மழை பிடித்துக்கொண்டது, பாதையில் மண் சரிந்து வண்டி நின்றுபோனது. அப்போதும் நான் பதறவில்லை. லாரி ஆபீசில் சரக்கை ஒப்படைத்து ரசீது வாங்கிய தேதிதான் எங்கள் தொழிலில் தேதி. போய்ச் சேர்வது லாரிக்காரன் பாடு. கடைசித் தேதியான முப்பதுக்குள் தபாலில் சேர்த்தால் போதும் என்று நினைத்துவிட்டேன். முப்பதாம் தேதி சாயங்காலத்துக்குள் வேலைக்கு ஆள் எடுக்கிற ஆபீசார் கைக்கே போய்ச் சேர வேண்டும் என்று விளம்பரத்தில் இருந்ததை நான் படிக்கவே இல்லை. 27-ஆம் தேதி இறங்கிவந்து பதிவுத் தபாலில் போட்டேன். ஜூலை ஒன்றாம் தேதி போய்ச் சேர்ந்திருக்கிறது. ஒரு நாள் தாமதம்.

கேசு போடும்போது வக்கீல் ரசீது கேட்டார். எடுத்துப் பார்த்தேன், 27 என்று இருந்தது. எலி கடித்துவிட்டது என்று சொன்னேன். என் வாய்வார்த்தையை நம்பி, 20-ஆம் தேதியே தபாலில் சேர்த்ததாக அபிடவிட்டில் நீ சத்தியம் செய்து கையெழுத்துப் போட்டாய். அந்த மனுவில் கிடைத்த இடைக்கால உத்தரவில்தான் பரீட்சை எழுதினாய், ஒன்றரை வருஷமாக டீச்சராக இருக்கிறாய். இனி மறுபடி விண்ணப்பம் போட வயசும் இல்லை.

அதைவிடப் பெரிய பயம் இன்னொன்று. வேலை போனால் கஞ்சியாவது ஊற்றுவேன். கோர்ட்டில் பொய்ச் சத்தியம் செய்தாள் என்று உன் பெயரில் எழுதிவிட்டால் நான் என்ன செய்வேன்? மூன்று நாளாகச் சோறு இறங்கவில்லை. காக்கிச் சட்டை போட்டவர் யார் தெருவில் போனாலும் கடைக்குள் போய் நின்றுகொள்கிறேன். அந்தக் கவரை வழியிலேயே காணாமல் போக்க ஆள் பிடிக்கலாமா என்றுகூட யோசித்தேன். உன்னிடம் மறைக்கவில்லை. அதுவும் வெளியே வந்தால் உன் தலையில்தான் விடியும் என்று விட்டுவிட்டேன்.

உன் அம்மாவிடம் நேற்றுச் சொன்னேன். அவள் அழவில்லை. "அங்கயும் போயி லோடு ஏறிருச்சுன்னு சொல்லுங்க" என்றாள். அதற்குப் பிறகு என்னோடு பேச்சு இல்லை.

வக்கீலிடம் இன்னும் சொல்லவில்லை. கையெழுத்து உன்னுடையது, முதலில் நீ தெரிந்துகொள்ள வேண்டும். ரசீது என்னிடம் பத்திரமாக இருக்கிறது. கவர் கோர்ட்டுக்கு வருமுன்னே நாமே அதைக் கொடுத்துவிடலாம். பொய் சொன்னவன் நான், மகளுக்கு ஒன்றும் தெரியாது என்று என் பெயரில் எழுதிக் கொடுக்கிறேன். எந்த ஜட்ஜு கேட்டாலும் எங்க அப்பா சொன்னதை நம்பினேன் என்று சொல். என்னைக் காப்பாற்ற ஒரு வார்த்தை கூட்டிச் சொல்லாதே. வேலை நிற்குமா என்று எனக்குத் தெரியவில்லை. ஏமாற்றி ஆறுதல் சொல்ல இனிமேல் எனக்கு வாயில்லை.

லீவு போட்டுவிட்டு 12-ஆம் தேதி சாயங்காலத்துக்குள் மதுரை ஸ்டேஷனுக்கு வந்துவிடு. மெட்ராஸுக்கு ரெண்டு டிக்கெட் எடுத்துக்கொண்டு நான் வாசலில் நிற்பேன். வழி முழுக்க நீ என்னோடு பேச வேண்டாம், முகத்தைப் பார்க்க வேண்டாம். நான் ஏறுகிற பெட்டியில் நீயும் ஏறினால் போதும். எங்கே இருந்தாலும் நீ தலை நிமிர்ந்து நன்றாக இருக்க வேண்டும், ஆத்தா.

உன் அப்பா,
அழகுமலை