அப்பாவின் கட்டைவிரல் பதிந்த சீசு

குற்றாலம்
ஆடி மாதம், வெள்ளிக்கிழமை

ரங்கூனில் இருக்கும் என் மகள் வள்ளித்தாய்க்கு அம்மா எழுதிக்கொள்வது. இங்கே நான் சுகம், புளியங்குடியில் உன் அத்தை மாடத்தி சுகம், அவள் வாயும் சுகம். அங்கே நீயும் மாப்பிள்ளையும் பேரனும் ஒரு குறையுமில்லாமல் இருக்கக் குற்றாலநாதரை வேண்டிக்கொண்டிருக்கிறேன். உன் கடிதம் போன வாரம் வந்தது. சாரலில் நனைந்து ஓரமெல்லாம் மை கரைந்துபோய், பேரனுக்குப் பல் முளைத்திருக்கிறதா விழுந்திருக்கிறதா என்று தெரியவில்லை, முளைத்ததாகவே வைத்துக்கொண்டேன். என் எழுத்தில் காலோ கொம்போ விட்டுப்போயிருந்தால் நீயே போட்டு வாசித்துக்கொள், நான் படித்த படிப்பு உனக்குத் தெரியாததா.

நீ இரண்டு கேள்வி கேட்டிருந்தாய். அப்பா செய்துவைத்த சீசை இன்னுமா வைத்திருக்கிறாய், ஐஸ்பெட்டியில் அது எத்தனை நாள்தான் கெடாமல் இருக்கும், எடுத்துக் கொட்டு என்று ஒன்று. துரை பங்களாவை விட்டுவிட்டுக் கப்பலேறி உன்னோடு வந்து இருக்கிறேனா என்று இன்னொன்று. இரண்டுக்கும் பதில் ஒன்றாகத்தான் சொல்ல முடியும், பொறுமையாய்க் கேள்.

இந்த ஐஸ்பெட்டி நீ கல்யாணமாகிப் போன பிறகு வந்தது, நீ பார்த்ததில்லை. பீரோ மாதிரி வெள்ளையாய் நிற்கும். அடியில் ஒரு விளக்கு, அதில் சீமெண்ணெய் ஊற்றிப் பற்றவைத்தால் மேலே குளிரும். கீழே தீ எரிந்தால் மேலே எப்படிக் குளிரும் என்று என்னைக் கேட்காதே, உன் அப்பாவைக் கேட்டதற்கே, பட்லர் வேலை பார்க்கிறவனுக்கு அதெல்லாம் எதற்கு, துரையிடம் கேள் என்றார்கள். சீசு என்றால் வேறொன்றுமில்லை, பாலாடையைப் புளிக்கவைத்து உப்புப் போட்டு மல்துணியில் கட்டித் தொங்கவிட்டு, நீர் வடிந்தபின் எடுக்கிற வெள்ளைக் கட்டி. துரைசானி அதை ரொட்டியில் அப்பித் தின்பாள். செய்து பீங்கான் ஜாடியில் அடைத்து முடித்ததும் அப்பா கட்டைவிரலால் மேலே ஒரு அமுக்கு அமுக்குவார்கள், பதம் பார்க்கிறதாம். ஒவ்வொரு தடவையும் ஜாடியைத் திறந்ததும் துரைசானி, செல்லச்சாமி, விரல், விரல் என்று கத்துவாள். இவர்களும் தப்புதான் தப்புதான் என்று தலையைச் சொறிந்துவிட்டு அடுத்த தடவையும் அமுக்குவார்கள்.

வைகாசியில் துரைசானி வந்து தங்கிவிட்டு மலை எஸ்டேட்டுக்குத் திரும்பினபோது, சீசன் தொடங்கியதும் வருவேன், சீசு தயாராக இருக்கட்டும் என்று சொல்லிவிட்டுப் போனாள். அவள் சொன்னது வரும்போது செய்து வைக்கச் சொல்லித்தான். அப்பாவுக்கோ வேலை முன்கூட்டியே முடிந்துவிட வேண்டும், அன்றைக்கே செய்து ஜாடியில் அடைத்து அமுக்கி உள்ளே வைத்துவிட்டார்கள். மறுநாள் காலையில் குளித்துவிட்டு வந்து உட்கார்ந்தவர்கள் எழுந்திருக்கவில்லை. அதை முன்னமே எழுதிவிட்டேன், திரும்ப எழுத என்னால் ஆகாது.

உன் அத்தை புளியங்குடியிலிருந்து ஒரு கூடை எலுமிச்சம்பழத்தோடும் பெருஞ்சத்தத்தோடும் வந்து இறங்கினாள். எடுக்கிறவரைக்கும் துக்க வீட்டில் அடுப்பு மூட்டக்கூடாது அல்லவா, எங்கேயாவது எரிகிறதா என்று அவள் வீடு முழுக்கச் சுற்றிப் பார்த்தாள். பங்களா சமையலறையில் ஐஸ்பெட்டி அடியில் விளக்கு எரிகிறதைக் கண்டுவிட்டாள். ஏட்டி முப்பிடாதி, எளவு வீட்டுல ஒளிச்சு வச்சு என்னத்தையோ அவிச்சுக்கிட்டு இருக்கியேட்டி, எந்தம்பி அங்கன கெடக்கான், ஒனக்கு வயிறு கேக்குதோ என்று சொல்லிவிட்டு ஒரே ஊது. நான் இருந்த நிலையில் அது அடுப்பா விளக்கா என்று யாருக்குச் சொல்வேன்.

நாலைந்து நாள் கழித்து, துரையின் கார் ஓட்டுகிற அருமைநாயகம் தம்பி துக்கம் விசாரிக்க வந்தவன், ஏம்மா பெட்டி இப்படி வேர்த்து வடியுது என்று கேட்ட பிறகுதான் எல்லோருக்கும் தெரிந்தது. அவன் திரும்பப் பற்றவைத்தான். பெட்டி குளிர்ந்ததும் உன் அத்தை என்ன செய்தாள் தெரியுமா, கதவைத் திறந்து முகத்தை உள்ளே நீட்டிக்கொண்டு, ஏட்டி, இதுக்குள்ள ஒரு முக்காலி போட எடம் இருக்கா என்று கேட்டாள். ஊருக்குப் போகிறவரைக்கும் அவளை அந்தப் பெட்டிக்குள்ளிருந்துதான் இழுக்க வேண்டியிருந்தது.

சீசு மட்டும் புளித்துப்போயிருந்தது. ஜாடியைத் திறந்தால் அப்பா விரல் பதிந்த குழி அப்படியே இருக்கிறது. நான் எப்படிக் கொட்டுவேன் நீயே சொல். அத்தை மூக்கைப் பொத்திக்கொண்டு, கொட்டிட்டு வாட்டி என்றாள். சீமெண்ணெய் கொண்டு வருகிற கிதிர் முகம்மது அண்ணாச்சி மோந்து பார்த்துவிட்டு, இன்னும் ரெண்டு நாள் வச்சா வண்டி மாட்டுக்குப் புண்ணுல போடலாம் தாயி என்றார். சரி, நியாயத்தைக் குரங்கிடம் கேட்போம் என்று கொஞ்சம் எடுத்து ஜன்னலில் வைத்தேன். குற்றாலத்துக் குரங்கு சோப்புக் கட்டியையே தூக்கிக்கொண்டு போகிற சாதி. அது தொட்டது, மோந்தது, என்னை ஒரு பார்வை பார்த்தது, கையைச் சுவரில் துடைத்துவிட்டுப் போய்விட்டது. மறுநாள் வேறொரு குரங்கு வந்து முழுவதையும் வழித்துத் தின்றது. அதற்கடுத்த நாள் பெண்டாட்டி பிள்ளைகளோடு வந்து ஜன்னலில் வரிசையாக உட்கார்ந்திருந்தது. அதுகளைப் பார்த்தபோதுதான் எனக்கு உறைத்தது. கெட்டிருந்தால் அது திரும்ப வருமா, இது கெட்டது இல்லை, புளித்தது. புளித்த தயிரை யாராவது வீணாக்குவார்களா, நாளைக்கு உறைக்கு ஆகும் என்றுதானே வைப்போம். விரல் பட்ட இடத்தைத் தொடாமல் ஓரத்திலிருந்து ஒரு கரண்டி எடுத்துப் புதுப் பாலாடையில் உறை போட்டேன். உப்புப் போட்டேன். அப்பாவின் பழைய மல்துண்டில் கட்டி, அவர்கள் தொங்கவிடுகிற அதே கொக்கியில் தொங்கவிட்டேன். ஒழுங்காக வந்தது. அது தீர்கிறதற்குள் ஒரு கரண்டி எடுத்து அடுத்ததற்கு உறை, இப்படியே ஓட்டினேன். தின்றது நானும் வந்துபோகிற அருமைநாயகமும் குரங்குக் குடும்பமும்.

பழைய ஜாடியில் கடைசியில் பச்சை பூத்துவிட்டது. விரல் குழி மூடிப்போயிற்று. அன்றைக்கு உட்கார்ந்து அழுதேன், சீசுக்கு அழுத முதல் பொம்பிளை இந்தச் சீமையில் நானாகத்தான் இருப்பேன். பிறகு அப்பா சாம்பலைக் கரைத்த சிற்றாற்றிலேயே கொண்டுபோய்க் கரைத்தேன். மீன்கள் அடிதடி போட்டுத் தின்றன. அப்பா பார்த்திருந்தால் மீசையை முறுக்கியிருப்பார்கள்.

இந்த மாதம் துரைசானி வந்தாள். துரை கொல்லத்திலிருந்து புது பட்லரைக் கூட்டிவரப் போகிறார், பின்னால் இருக்கிற நம் இரண்டு அறையும் அவனுக்குத்தான் என்று பேச்சு அடிபட்டது. அப்படி ஆனால் எனக்கு உன் அத்தை வீடு, இல்லாவிட்டால் கப்பல். கப்பலுக்குப் பயம், அத்தைக்கு அதைவிடப் பயம். எனக்கு இந்த அறையை விட்டுப் போக மனசில்லை, அப்பா குடை இன்னும் ஆணியில் தொங்குகிறது. அதனால் துரைசானி கேட்கும் முன்னே ரொட்டி வாட்டி, புதிதாகச் செய்த சீசு ஜாடியைக் கொண்டுபோய் வைத்தேன். அடைத்து முடித்ததும் என் கை தன்னால் போய் மேலே கட்டைவிரலால் அமுக்கியிருக்கிறது, நான் கவனிக்கவில்லை.

அவள் ஏதோ பேசிக்கொண்டே ஜாடியைப் பார்க்காமல் கத்தியால் ஓரத்திலிருந்து எடுத்து அப்பித் தின்றாள், இன்னொன்றும் தின்றாள். அதற்குப் பிறகுதான் ஜாடியைப் பார்த்தாள். கத்த வாயைத் திறந்தவள் கத்தாமல், இது யார் செய்தது என்று கேட்டாள். அப்பா பேரை நான் என்றைக்கு வாயால் சொன்னேன், அவர்கள் போட்ட உறைதானே என்கிற நினைப்பில், அவுக செஞ்சதுதாம்மா என்றேன். வெள்ளைக்காரிக்கு முகம் வெளுத்ததை அன்றுதான் பார்த்தேன், வெளுக்க இன்னும் இடம் இருந்திருக்கிறது. வைகாசியில் செத்தவர் செய்ததை ஆடியில் தின்றுவிட்டோம் என்று வாயில் விரலை விட்டுக்கொண்டு தோட்டத்துக்கு ஓடினாள். டாக்டரைக் கூட்டிவா என்று அருமைநாயகத்திடம் கத்தல் வேறு. அவன் கார்ப் பக்கம் ஓடாமல் அவள் பின்னாலேயே ஓடி, தயிர், உறை, பிள்ளைக்குப் பிள்ளை, பேரனுக்குப் பேரன் என்று இங்கிலீசில் என்னென்னவோ சொன்னான். கேட்டதும் செம்பருத்திச் செடியைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள் பார், அப்படி ஒரு சிரிப்பு. அப்புறம் கண்ணைத் துடைத்துக்கொண்டு வந்து உட்கார்ந்து மறுபடியும் ரொட்டியை எடுத்தாள். விரல் பதிந்த இடத்தை விட்டுவிட்டுக் கத்தியால் சுற்றிச் சுற்றி எடுத்துத் தின்றாள். என்னை ஒரு வார்த்தை திட்டவில்லை. சாயங்காலம் துரையிடம் சொல்லிவிட்டாள், புது ஆள் வேண்டாம், முப்பிடாதி இருக்கட்டும் என்று.

ஆகையால் இப்போது நான் வரவில்லை, நீ வருத்தப்படாதே. சீசு எத்தனை நாள் இருக்கும் என்று துரைசானியிடமே கேட்டேன். ஐஸ்பெட்டியில் ஒரு வாரம், மிஞ்சினால் பத்து நாள், அதற்குமேல் வைக்காதே என்றாள். ஒரு கரண்டி எடுத்து வைக்கிறவர்களுக்கு அந்தக் கணக்கு இல்லை என்று நான் சொல்லவில்லை, சிரித்துக்கொண்டேன். அவள் மிச்சம் வைத்த அந்த விரல் துண்டை நான்தான் தின்றேன். உப்பு ஒரு கல் கூடுதல், அப்பா கைதான் தேவலை.

மாப்பிள்ளைக்கு என் விசாரிப்பைச் சொல். அடுத்த வைகாசியில் அப்பா தலைத்திவசத்துக்கு மூன்று பேரும் கட்டாயம் வரவேண்டும், பேரன் கட்டைவிரலை நான் பார்க்கவேண்டும். அத்தையும் வருவாள், அவள் கண்ணில் விளக்கு படாமல் நீதான் பார்த்துக்கொள்ள வேண்டும். நீங்கள் நோய் நொடி இல்லாமல், கொடியும் வேருமாய்ப் பெருகி வாழ வேண்டும். பல் விஷயத்தை அடுத்த கடிதத்தில் நடுவில் எழுது, ஓரத்தில் எழுதாதே.

உன் நினைப்பாகவே இருக்கும்
அம்மா முப்பிடாதி