ஐந்து கேன் பினாயில்

ஜூன் 3
உரக்கூடத்து நான்காவது தொட்டியில் இன்று வெப்பமானி அறுபத்திரண்டு டிகிரி காட்டியது. கழிவு உள்ளே நன்றாக வெந்து உரமாகிக்கொண்டிருக்கிறது. நானூறு வீடுகள் குப்பையைப் பிரித்துக் கொடுக்கின்றன. அந்த நானூறைச் சேர்க்க இரண்டு வருடம் வாசல் வாசலாக நின்று தொண்டைத் தண்ணீர் வற்றக் கத்தியிருக்கிறேன். ஆனால் பக்கத்துப் புதுக் குடியிருப்புக்காரர்கள் நாற்றமென்று மனு கொடுத்துவிட்டார்கள். பத்தாம் தேதி ஆணையர் வருகிறார். அவர் முகம் சுளித்தால் உரக்கூடத்துக்குப் பூட்டு. எல்லாம் பழையபடி ஏரிக்கரைக் குப்பைமேட்டுக்குத்தான்.

ஜூன் 9
மூன்று நாள் மழை. கூரை ஒழுகித் தொட்டிகள் நனைந்து, நாற்றம் குடலைப் பிடுங்குகிறது. சுகாதார ஆய்வாளர் ஐந்து கேன் பினாயிலும் ஒரு மூட்டை பிளீச்சிங் பவுடரும் இறக்கினார். "நாளைக்கு ஒரு நாள் மானத்தைக் காப்பாத்தும்மா. அப்புறம் நீயாச்சு, உன் குப்பையாச்சு."

குவியலைக் கிளறுபவர் குறுக்கே நின்றார். வெறும் கையை விட்டே சூட்டைச் சொல்லிவிடுவதால் அவருக்கு டிகிரி என்று பெயர். "வேணாம்க்கா. உள்ள இருக்கிறதெல்லாம் உசுரு. ஊத்தினா செத்துடும்."

எனக்குத் தெரியாதா? குப்பையை மக்கவைப்பதே அந்த நுண்ணுயிர்கள்தான் என்று பயிற்சி வகுப்பில் நானே பத்துத் தடவை சொன்னதுதான். "மேலாக்க ஊத்தினா ஒண்ணும் ஆகாது" என்றேன். நாற்றம் போகவில்லை. கிளறிக் கிளறி ஊற்றினேன். நான்கு தொட்டியிலும் — என் கையால்.

ஜூன் 10
"ஆஸ்பத்திரி மாதிரி இருக்கே!" என்றார் ஆணையர். எல்லோரும் கைதட்டினார்கள். நானும் பல்லைக் காட்டிக்கொண்டு நின்றேன்.

ஜூன் 13
வெப்பமானி நாற்பத்தொன்று.

ஜூன் 16
முப்பது. டிகிரி உள்ளே கையை விட்டார், எடுத்தார், துடைத்துக்கொண்டு அடுத்த தொட்டிக்குப் போய்விட்டார். நாலு வார்த்தை திட்டியிருக்கலாம்.

சாணியைக் கரைத்து ஊற்றிப் பார்த்தோம். வெப்பமானி அசையவில்லை. தொட்டி காலியானால்தானே புதிதாகக் கொட்ட முடியும்? அன்றாடம் வருவதெல்லாம் வாசலிலேயே குவிந்து புழு நெளிகிறது.

வீட்டுக்காரர் மூக்கைப் பொத்திக்கொண்டு, "நீ மட்டும் வந்தியா, இல்ல குவியலும் கூட வந்திருக்கா?" என்றார். எப்போதும் பதிலுக்குப் பதில் கொடுப்பேன். இன்று அழுதுவிட்டேன். மனுஷன் பயந்துபோய்த் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தார்.

ஜூன் 22
வாசலில் குவிந்த குப்பையைக் காட்டி உரக்கூடத்தைப் பூட்டிவிட்டார்கள். கோப்பில் இப்படி எழுதியிருக்கிறது: 'கழிவை உரமாக்கும் முறை இந்நகருக்கு ஒத்துவரவில்லை.'

ஒத்துவரலையா? அடப்பாவிகளா, நல்லா வெந்துட்டிருந்ததைக் கொன்னவ நான்! அதை எழுதுங்கய்யா!

ஆய்வாளரிடமே சொன்னேன். "எழுத்துல குடு, முதல்ல உன் வேலை போகும், அப்புறம் டிகிரி வேலை. பேசாம கையெழுத்துப் போடும்மா" என்றார். போட்டேன். இனி யார் வந்து உரக்கூடம் கேட்டாலும் அந்தக் கோப்பைத்தான் தூக்கிக் காட்டுவார்கள்.

ஜூன் 25
என்னைக் குப்பை லாரிக்கு மாற்றியிருக்கிறார்கள். அதில் தடுப்பு கிடையாது. எல்லாம் ஒரே பெட்டிக்குள்.

ஜூலை 1
இன்று டீச்சர் வீட்டுத் தெரு. ஓய்வுபெற்றவர், ஆறு மாதம் என் முகத்தில் கதவைச் சாத்திவிட்டு, பிறகுதான் பிரிக்க ஒப்புக்கொண்டவர். இரண்டு வாளியோடு நின்றிருந்தார். பால் கவர்களைக் கழுவி, காயவைத்து, மடித்து வைத்திருந்தார்.

"எதை முதல்ல போடணும்?"

"ரெண்டையும் ஒண்ணாவே போட்டுடுங்க டீச்சர்."

"இன்னிக்கு மட்டுமா?"

"இல்ல. இனிமே ஒரே வாளி போதும்."

திட்டுவார் என்று காத்திருந்தேன். "அப்பாடா, ஒரு வேலை மிச்சம்" என்று சிரித்தபடி உள்ளே போய்விட்டார்.

லாரி தெருக்கோடியைத் தொடுமுன் செய்தி முந்திவிட்டது. கடைசி எட்டு வீட்டிலும் நான் வாயைத் திறக்கவே வேண்டியிருக்கவில்லை. ஒரே வாளிதான் வெளியே வந்தது.