சமையலறைக் கதவுக்குப் பின்னால் இருந்த ஸ்விட்ச்

மார்ச் 17, ஞாயிறு. காலை பத்து நாற்பது. புத்தகங்கள் ஆறு. எழுதியவர் ஒருவர்.

அன்புள்ள அம்மாவுக்கு,

நானும் அப்பாவும் நலம் என்று ஆரம்பிப்பதுதான் வழக்கம். அப்பா நலம். நான் நலமா என்று எனக்கே தெரியவில்லை. மேலே எழுதியிருக்கும் நேரத்துக்கு எனக்கு ஷாக் அடித்தது. கரண்ட் ஷாக் என்றால் பழகிப்போனது, என் பிழைப்பே அதுதான். இது வேறு. சாயங்காலம் ஆகிவிட்டது, இப்போதுதான் எழுத உட்கார்ந்தேன். எழுத்து கோணலாக இருந்தால் பொறுத்துக்கொள்.

போனில் சொல்லியிருக்கலாமே என்பாய். சொன்னால் பாதியிலேயே "போடா அவசரக்குடுக்கை" என்று வைத்துவிடுவாய். அங்கே ஹோட்டலில் உன்னோடு ஒரே அறையில் இருக்கும் அக்கா, ஊருக்கு வந்த விடுமுறை முடிந்து புதன்கிழமை கிளம்புகிறார். பார்சலோடு இதுவும் வரும். நீ இன்னும் மூன்று வருடத்துக்கு வேலை ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போட மாத முடிவு வரை நேரம் இருக்கிறது என்றாய் அல்லவா, அதற்குள் இதைப் படித்து முடி.

நடந்ததை வரிசையாகச் சொல்கிறேன். காலையில் பாத்திரம் கழுவும் தொட்டிக்குக் கீழே குழாய் ஒழுகியது. பசை போட்டு ஒட்டினேன். காய இருபது நிமிடம் ஆகும் என்று டப்பாவில் போட்டிருந்தான். இருபது நிமிடம் சும்மா உட்காருவது எனக்கு எப்படி இருக்கும் என்று உனக்குத் தெரியாததா? மேசைமேல் உனக்காக அப்பா எடுத்துவைத்த பார்சல் இருந்தது, இன்னும் கட்டவில்லை. வழக்கம்போல முட்டிக்குத் தைலம், சலவைத் தூள் பட்டு வெடிக்கும் உன் கைக்குக் களிம்பு, எல்லாவற்றுக்கும் மேலே உன் அபிமான எழுத்தாளர் அம்மாளின் புது நாவல். வருடா வருடம் கடைக்காரர் எடுத்துவைத்தார் என்று சொல்லி அப்பா வாங்கிவந்து அனுப்புவாரே, அந்த வரிசையில் ஆறாவது.

எனக்கும் கதைப் புத்தகத்துக்கும் ஏழாம் பொருத்தம். வேறு வழியில்லாமல் நடுவில் எங்கேயோ திறந்தேன்.

அந்தக் கதையில் வரும் வீட்டில் குளியலறை லைட்டுக்கு ஸ்விட்ச் குளியலறையில் இல்லை. சமையலறைக் கதவுக்குப் பின்னால் இருக்கிறது. தலைகீழாக மாட்டியிருக்கிறது.

அம்மா, ஐந்து வருடமாக வீடு, கடை, ஆலை என்று ஏறி இறங்கி வயரிங் பார்க்கிறவன் நான். எத்தனையோ கோமாளித்தனம் பார்த்திருக்கிறேன். இந்தக் கோமாளித்தனத்தை ஒரே ஒரு வீட்டில்தான் பார்த்திருக்கிறேன். அந்த வீட்டில் உட்கார்ந்துதான் படித்துக்கொண்டிருந்தேன். தலையைத் தூக்கிக் கதவைப் பார்த்தேன். புத்தகத்தைப் பார்த்தேன். மறுபடி கதவைப் பார்த்தேன்.

தொடர்ந்து படித்தேன். கதையில் அந்த மனைவி உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டு "லைட்டு" என்று கத்துகிறாள். புருஷன் சமையலறைக்கு ஓடிப்போய்ப் போடுகிறான். அவன் உள்ளே இருக்கும்போது கத்துவதில்லை, மக்கை எடுத்து வாளியில் இரண்டு தட்டு. அவள் வேண்டுமென்றே காது கேட்காத மாதிரி நிற்கிறாள். பிறகு, வார்த்தையை எடை போட்டுத்தான் விற்பீங்களோ என்று கேட்டுவிட்டுப் போடுகிறாள். இது யார் வாய், யார் வாளி என்று நான் சொல்ல வேண்டுமா?

அடுத்த பக்கத்தில் அவள் வேலைக்காக வெளிநாடு போய்விடுகிறாள். அதன் பிறகு வரும் வரிகளை அப்படியே எடுத்து எழுதுகிறேன். "அவள் போன பிறகும் இருட்டுகிற நேரத்தில் அவன் சமையலறைக்குப் போய் அந்த ஸ்விட்சைத் தூக்கிவிட்டான். உள்ளே யாரும் இல்லை. யாரோ இருக்கிறார்கள் என்று அந்த லைட்டு மட்டும் நம்பிக்கொண்டிருந்தது."

இங்கேதான் எனக்கு ஷாக் அடித்தது.

நீ போனதிலிருந்து இந்த வீட்டில் தினமும் சாயங்காலம் குளியலறை லைட் வீணாக எரிந்தது. எத்தனை நாள் நான் கத்தியிருக்கிறேன். உன்னிடமே போனில் கோள் சொன்னேன், அப்பாவுக்கு மறதி வந்துவிட்டது, டாக்டரிடம் காட்டலாமா என்று. வயசாகுதுல்ல, விடுடா என்றாய். மறதி இல்லை அம்மா. அவர் ஒரு நாள்கூட மறக்கவில்லை.

இதற்குமேல் ஒன்று இருக்கிறது. போன மாதம் நான் அந்த ஸ்விட்சை எடுத்துவிட்டேன். குளியலறைக்கு வெளியே, மனிதர்கள் வைக்கிற இடத்தில், புதிதாக ஒன்று மாட்டினேன். பழைய ஓட்டையை வெள்ளைத் தகடு போட்டு மூடினேன். இருபத்தைந்து வருடத் தப்பை ஒரு மணி நேரத்தில் சரி செய்தேன் என்று எனக்கு நானே முதுகில் தட்டிக்கொண்டேன். அப்பா வேலையிலிருந்து வந்து கதவுக்குப் பின்னால் பார்த்தார். அந்தத் தகட்டை விரலால் ஒரு தடவை தடவினார். நல்லாத்தான் இருக்கு என்றார். அன்றிலிருந்து லைட் வீணாகவில்லை. நான் ஜெயித்துவிட்டதாக நினைத்தேன்.

பசையை மறந்தேன், குழாயை மறந்தேன். நீ படித்து முடித்து, பத்திரமா வைடா, வந்து மறுபடி படிக்கணும் என்று திருப்பி அனுப்பின ஐந்தையும் அலமாரியிலிருந்து இறக்கினேன். படித்தேன் என்று பொய் சொல்ல மாட்டேன். பழுது தேடுகிற மாதிரி தேடினேன். எல்லாவற்றிலும் யாரோ ஒருத்தி தூரத்தில் இருக்கிறாள், யாரோ ஒருத்தன் வாயைத் திறக்காமல் இருக்கிறான். இரண்டாவதில் நீ கிளம்பின அன்று அணிந்திருந்த பழுப்பு ஸ்வெட்டர், முழங்கையில் ஒட்டுப்போட்டது. மூன்றாவதில் நான் இருக்கிறேன், என்னைப் பொம்பளைப் பிள்ளையாக ஆக்கிவிட்டார். கடிகாரத்தைப் பிரித்து மாட்டிவிட்டு ஒரு திருகாணியை மிச்சம் வைக்கும் பெண். நான்காவதில் மோட்டார் தண்ணீர் இல்லாமல் ராத்திரி முழுக்க ஓடுகிறது. ஓடாது, உள்ளே கம்பிச்சுருள் கருகிவிடும். அந்த நான்காவதைப் படித்துவிட்டுத்தானே, அந்த வீட்டை எங்கயோ பார்த்த மாதிரி இருக்குடா என்று போனில் சொன்னாய்? இன்னும் ஒரு அடி எடுத்து வைத்திருக்கக் கூடாதா அம்மா?

மத்தியானம் நேரே அப்பா வேலை செய்யும் இடத்துக்குப் போனேன். ஞாயிறு என்பதால் எடைமேடையில் லாரி குறைவு. அந்தக் கண்ணாடிக் கூண்டுக்குள் உட்கார்ந்து, எடை அச்சாகிற நீளக் காகிதத்தின் பின்பக்கத்தில் ஏதோ எழுதிக்கொண்டிருந்தார். சின்ன வயதிலிருந்து அவர் அப்படி எழுதுவதைப் பார்க்கிறேன். கணக்கு என்று நினைத்தேன். புத்தகத்தை அவர் முன்னால் வைத்தேன். பேனாவை மூடினார். மூடிவிட்டு மறுபடி திறந்தார். எங்க அப்பா இவ்வளவு பதறி நான் பார்த்ததில்லை.

கிணற்றில் வாளி விட்டு இழுக்கிற மாதிரி ஒவ்வொரு வார்த்தையாக இழுத்தேன். அச்சகக்காரர் ஒருவர் பேப்பர் லோடு எடை போட அங்கே வருவாராம். வரிசையில் நிற்கும்போது அப்பா எழுதியதை எடுத்துப் பார்த்தவர், குடுங்க, போடலாம் என்றாராம். பொம்பளை பேர் எதுக்கு என்று கேட்டேன். நீ போவதற்கு முன்னால் ஒரு நாள், ஆம்பிளைங்க எழுதுற காதல் கதையில மழை மட்டும்தான் பெய்யும், மனசு இருக்காது, நான் தொடமாட்டேன் என்றாயாம். அதனால்தானாம். கடையில் எத்தனை விற்கிறது, யார் படிக்கிறார்கள், எதுவும் அவருக்குத் தெரியவில்லை. புத்தகம் வந்தவுடன் முதல் பிரதி உன் பார்சலுக்குப் போகிறது. நீ படித்துவிட்டு என்னிடம் போனில் கதை சொல்வாயே, அப்போது அவர் பக்கத்து அறையில் துணி மடிப்பார். இப்போதுதான் யோசிக்கிறேன், ஒரு மணி நேரம் மடிக்க நம் வீட்டில் ஏது அவ்வளவு துணி?

கோபம் வந்துவிட்டது. ஆறு புத்தகம் எழுதத் தெரிந்த மனிதருக்குப் போனில் ஒரு வரி சொல்லத் தெரியாதா என்று கத்தினேன். போன வெள்ளிக்கிழமை நீ, இன்னும் மூணு வருஷம் இருக்கட்டுமா என்று கேட்டபோது, உன் இஷ்டம் என்றாரே, அது என்ன பதில் என்று கேட்டேன். நீ அதற்குப் பிறகு என்னிடம் சொன்னதையும் சொல்லிவிட்டேன். நான் இருந்தாலும் ஒண்ணுதான் இல்லாட்டியும் ஒண்ணுதான் அந்த மனுஷனுக்கு என்று நீ சொன்னது. சொல்லியிருக்கக் கூடாது. அவர் முகம் போன போக்கைப் பார்த்த பிறகுதான் அது தெரிந்தது.

பேனாவைச் சட்டைப் பையில் செருகிக்கொண்டு, "அங்க அவளுக்குக் கீழ இருபது பேர். இங்க நான் ஒருத்தன்" என்றார்.

அவ்வளவுதான். அதற்குள் ஒரு லாரி ஏறி நின்றது. எடை பார்த்தார், சீட்டைக் கிழித்துக் கொடுத்தார். டிரைவர் ஏதோ கிண்டல் செய்தான், சிரித்தார். லாரி இறங்கியதும் என் பக்கம் திரும்பாமலே, "அவகிட்ட சொல்லாதே" என்றார்.

ஏன் என்றேன்.

"தெரிஞ்சா படிக்கிறத நிறுத்திடுவா."

அம்மா, நான் தலையைத்தான் ஆட்டினேன். சரி என்று வாயால் சொல்லவில்லை. அவர் பிள்ளைதானே நான், எனக்கும் அந்தச் சாமர்த்தியம் இருக்கும்.

எனக்கு உன்மேலும் கோபம்தான். மடிப்புக் கலையாத விரிப்பில் ஒரு முடி கிடந்தால் பத்து அடி தள்ளி நின்று கண்டுபிடிப்பேன் என்று பெருமை அடிப்பாய். புருஷன் மனசைப் புத்தகமாகக் கட்டி அனுப்பினால் படித்துவிட்டு அழுகிறாய். அழுதுவிட்டு, இந்த அம்மா மாதிரி ஒரு மனசு உங்க அப்பாவுக்கு இருந்தா நான் ஏன்டா இங்க கிடக்கிறேன் என்று எனக்குப் போன் செய்கிறாய். உங்கள் இரண்டு பேருக்கும் நடுவில் நான் என்ன ஜங்ஷன் பாக்ஸா?

நீ அங்கே விரிப்பு மடிக்கிற ஆளாகப் போய் இன்று ஒரு ஹோட்டலின் சலவைப் பிரிவையே கட்டி மேய்க்கிறாய். அதை விட்டுவிட்டு வா என்று சொல்ல எனக்கு உரிமை இல்லை, அது எனக்குத் தெரியும். அவருக்கும் தெரிந்திருக்கிறது, அதனால்தான் வாயை மூடிக்கொண்டார். நீ இருப்பதென்றால் இரு. ஆனால் இந்த வீட்டில் உன்னைத் தேட ஆள் இல்லை என்று நினைத்துக்கொண்டு மட்டும் கையெழுத்துப் போடாதே. ஆறாவது புத்தகத்தைப் படித்துவிட்டுப் போடு. கடைசிப் பக்கத்தில் அவள் திரும்பி வருகிறாளா இல்லையா என்று எழுதாமலே விட்டுவிட்டார். இது என்ன முடிவு என்று கேட்டேன். அதை நான் எப்படி எழுத முடியும் என்றார்.

களிம்பை ராத்திரி தடவிக்கொண்டு கையுறை போட்டுப் படு. உடம்பைப் பார்த்துக்கொள். உன் அறை அக்காவிடம் இதைக் காட்டாதே, அவரும் அந்த எழுத்தாளர் அம்மாளின் ரசிகை.

உன்னை எதிர்பார்க்கும் இரண்டு பேரில் பேசத் தெரிந்தவன்,
உன் அவசரக்குடுக்கை

நான் அடுத்துச் செய்யப்போவது:

1. நாளை அரை நாள் லீவு போட்டு, குளியலறைக்கு வெளியே நான் மாட்டின புது ஸ்விட்சைக் கழற்றுவேன்.

2. பழையதை நான் தூக்கி எறியவில்லை, என் பெட்டியில் கிடக்கிறது. அதைச் சமையலறைக் கதவுக்குப் பின்னால் அதே ஓட்டையில் மாட்டுவேன். தலைகீழாக.

3. சாயங்காலம் லைட் சும்மா எரிந்தால் அணைக்க மாட்டேன்.

4. அடுத்த நாவலில் மோட்டார் வந்தால் அச்சுக்குப் போவதற்கு முன் என்னிடம் காட்டச் சொல்வேன்.

5. மாத முடிவு வரை போன் செய்து, என்ன முடிவு பண்ணினாய் என்று கேட்க மாட்டேன். இருபது நிமிடமே உட்கார முடியாதவன் சொல்கிறேன்.

6. நீ வந்தால், முதல் நாள் உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டு "லைட்டு" என்று கத்துவாய். எனக்குக் காது கேட்காது. நான் எழுந்திருக்க மாட்டேன்.