நடைபாலத்தில் ஒரு படி

அன்புள்ள உங்களுக்கு,

இங்கே நலம் என்றுதான் எழுத வேண்டும், எழுதிவிட்டேன். அங்கே அணை வேலை எந்த மட்டில் இருக்கிறது? முதுகுக்கு வாங்கி அனுப்பிய பட்டையைக் கட்டிக்கொள்கிறீர்களா, இல்லை அது பெட்டிக்குள் தூங்குகிறதா? சமையலறைக் குழாய் ஒழுகுவது நின்றுவிட்டது. மாடி வீட்டுக்காரர் கோபம் தணிந்து, பார்த்தால் சிரிக்கிறார்.

நேற்றுக்கூடப் போனில் பேசியவள் எதற்குக் கடிதம் எழுதுகிறாள் என்று நினைப்பீர்கள். போனில் என் பயம் உங்களுக்குக் கேட்காது. இத்தனை வருஷம் நிலையத்தில் அறிவிப்புச் சொல்லிச் சொல்லிக் குரல் அப்படி ஆகிவிட்டது. "வீடு தீப்பிடிச்சாலும் நீ பிளாட்பாரம் நம்பர் சொல்ற மாதிரிதான் சொல்லுவே" என்று நீங்களே கேலி செய்திருக்கிறீர்கள். கையெழுத்து பொய் சொல்லாது. கோணலாக இருக்கும் இடங்களைக் கொஞ்சம் நிறுத்திப் படியுங்கள்.

நீங்கள் பார்த்த நிலையம் இப்போது இல்லை. மர ஆலைக்காகப் போட்ட முதல் பிளாட்பாரமும், எதிரில் பிறகு வந்த இரண்டாவதும், அவற்றுக்கு நடுவே இரும்பு நடைபாலமும்தான் உங்களுக்குத் தெரியும். சுமையோடு இருவர் எதிரெதிரே வந்தாலும் இடிக்காமல் போகலாம், அவ்வளவு அகலம். நீங்கள் போன பிறகு தண்டவாளத்துக்கு அந்தப் பக்கம் வீடுகள் முளைத்து, மூன்றாவது பிளாட்பாரம் கட்டினார்கள். அந்தப் பிளாட்பாரம் வரைக்கும் பாலத்தை நீட்ட வேண்டியிருந்தது. ஆனால் ஆலையின் கிடங்குச் சுவர் குறுக்கே நின்றது. கிடங்கின் மேல் வழக்கு இருந்ததால் தொட முடியவில்லை. சுவரை ஒட்டிப் பாதி அகலத்துக்குச் சிமெண்டில் கட்டி முடித்தார்கள். அடுத்த வருஷமே வழக்கு முடிந்து கிடங்கை இடித்துவிட்டார்கள். இப்போது அங்கே சைக்கிள்கள் நிற்கின்றன. பாலம் மட்டும் இல்லாத சுவருக்குப் பயந்து ஒதுங்கியபடியே நிற்கிறது.

பழைய சட்டைக்குப் புதுக் கை தைத்த மாதிரி, இரும்பும் சிமெண்டும் சேரும் இடத்தில் மட்டம் சரியாக வரவில்லை. அங்கே ஒரு படி இருக்கிறது. தினமும் வருகிறவர்கள் குனிந்து பார்க்காமலே இறங்குவார்கள். கூட்டத்தில் அது யார் கண்ணுக்கும் தெரியாது. என் அறை ஜன்னலைத் திறந்தால் நேரே அந்தப் படிதான்.

இன்னொன்றும் மாறியிருக்கிறது. வழக்கமான அறிவிப்புகளை இப்போது இயந்திரம் சொல்லிவிடுகிறது. பிளாட்பாரம் மாறினால் மட்டும்தான் நான் பேச வேண்டும். அதனால் ஜனங்கள் ஒரு பாடம் கற்றுக்கொண்டுவிட்டார்கள். மைக் "டொக்" என்று திறந்து என் குரலில் முதல் வார்த்தை வந்ததுமே ஓட ஆரம்பிக்கிறார்கள். எந்த வண்டி, எந்த நம்பர் என்று யாரும் கேட்பதில்லை. முதலில் எனக்குச் சிரிப்பாக வந்தது. உங்களிடம்கூடச் சொல்லிச் சிரித்திருக்கிறேன்.

போன வாரம் காலையில் நல்ல மழை. மூன்றாவது பிளாட்பாரத்தில் கூரை கிடையாது, பாலத்துக்கு உண்டு. வழக்கமாக அங்கே வரும் நகரத்து வண்டிக்குப் போகிறவர்கள் எல்லாரும் நனையாமல் பாலத்தின் மேலேயே நின்றார்கள். அந்த நேரம் பார்த்து, வண்டி ஒன்றாவது பிளாட்பாரத்துக்கு வரும் என்று கட்டுப்பாட்டு அறையிலிருந்து சொன்னார்கள். நான் மைக்கைத் திறந்தேன். நம்பரைச் சொல்லும் முன்பே, மூன்றாவது இல்லை என்றால் ஒன்றாவதுதான் என்று பாலத்தில் நின்றவர்கள் அதை நோக்கி ஓடினார்கள். ஒன்றாவதில் நின்றவர்கள் தங்கள் வண்டிதான் மாறிவிட்டது என்று பாலத்துக்கு ஏறி ஓடினார்கள். இரண்டு பக்கமும் மோதி, நெரிசல் பின்னால் பின்னால் தள்ளி, அந்தப் படியில் போய் இறுகியது.

யாரோ விழுந்தார்கள். பிறகு தலைகள் மட்டும் தெரிந்தன. ஒரு குடைக் கம்பி மேலே நீட்டிக்கொண்டு நின்றது, அசையவே இல்லை. நான் மறுபடி மைக்கைத் திறந்து, ஓடாதீர்கள், அப்படியே நில்லுங்கள் என்றேன். என் குரல் கேட்டதும் இன்னும் வேகமாக நெருக்கினார்கள். நான் பார்த்துக்கொண்டே இருந்தேன். நில் என்று சொன்னதற்குத்தான் தள்ளினார்கள். மைக்கை அணைத்துவிட்டு, என் வாயை என் கையாலேயே பொத்திக்கொண்டேன். மழைச் சத்தம் மட்டும் இருந்தது. வண்டி வந்து, கிளம்பாமல் நின்று, மெல்ல மெல்லத்தான் கூட்டம் பிரிந்தது.

உயிருக்கு ஒன்றும் இல்லை. இரண்டு பேருக்குக் கை முறிந்தது. நிலைய அதிகாரியிடம் போய்ச் சொன்னேன். "பாலத்தை அகலப்படுத்த மேலே எழுதியிருக்கோம் மேடம். அதுவரைக்கும் நீங்க கொஞ்சம் பதமா பேசிப் பாருங்களேன்" என்றார். பதமாகப் பேசினாலும் ஓடுகிறார்கள்.

இனி எழுதுவது உங்களோடு இருக்கட்டும். துப்புரவு செய்யும் அக்கா, பாலத்தில் கிடந்த ஒற்றைச் செருப்புகளை என் ஜன்னலுக்குக் கீழே குவித்து வைத்திருந்தாள். அதில் ஒன்று பழுப்பு நிறம். வார் பிய்ந்த இடத்தில் நீல நூல் போட்டுத் தைத்திருந்தது. வீட்டில் பழுப்பு நூல் இல்லாததால் நான்தான் நீலத்தில் தைத்தேன்.

நம் மகள் நகரத்துக் கண் ஆஸ்பத்திரி வேலைக்குப் பஸ்ஸில் போவதாகத்தான் என்னிடம் சொல்லியிருக்கிறாள். அன்று மாலை புதுச் செருப்போடு வந்தாள். "பழசு அறுந்துபோச்சும்மா, தூக்கிப் போட்டுட்டேன்" என்றாள். அந்தப் புழுக்கத்தில் முழுக்கைச் சட்டை. தட்டை இடது கையால் வாங்கினாள். பஸ்ஸில் போனால் தினமும் தாமதம், பயிற்சியில் இருப்பவளை வைத்துக்கொள்ளமாட்டார்கள் என்று எனக்கும் தெரியும். அவளுக்கு வேறு வழி இல்லை. வேலையை விடு என்று எந்த வாயால் சொல்வேன்?

நான் பேச ஆரம்பித்தாலே எழுந்து அறைக்குள் போய்விடுகிறாள். வீட்டிலும் என் குரல் அப்படித்தான் வேலை செய்கிறது. நீங்கள் சொன்னால் உட்கார்ந்து கேட்பாள். செருப்பைப் பற்றி எனக்குத் தெரியும் என்று காட்டிக்கொள்ளாதீர்கள். அதைக் கழுவி என் அறை அலமாரியில் வைத்திருக்கிறேன். ஊர்க்கதை பேசுகிற மாதிரி பேசி, நடுவில் இதை மட்டும் சொல்லுங்கள். என்றைக்காவது ரயிலில் போக நேர்ந்தால், நிலையத்தில் அம்மாவின் குரல் கேட்டு ஓட வேண்டாம். பக்கத்தில் இருக்கும் தூணைப் பிடித்துக்கொண்டு, அம்மா சொல்லி முடிக்கிறவரை நிற்கட்டும். வண்டி போனால் போகட்டும்.

தினமும் காலையில் மைக் பொத்தானில் விரலை வைக்கும்போது, அவள் எந்தப் பக்கம் நிற்கிறாள் என்று தேடுகிறேன். அத்தனை தலைகளில் தெரிவதில்லை. வானம் இன்றும் மூடிக்கொண்டுதான் இருக்கிறது. கடிதம் கிடைத்த அன்றே அவளைக் கூப்பிடுங்கள்.

உங்கள் உடம்பைப் பார்த்துக்கொள்ளுங்கள். அவளை நிற்கச் சொல்லுங்கள்.

உங்கள்
குரல்காரி